உன்கூட யார் வர்றாங்க?

திருநெல்வேலிப் பக்கம் ஒரு பள்ளிக்கூடத்தில் பாட்டு டீச்சராக இருக்கிறேன், கல்யாண நாட்களில் எங்கள் சேகரத்து (திருச்சபை வட்டாரத்து) ஆலயத்தில் கீபோர்டும் வாசிப்பேன். 18 வருடமாக இந்த வேலை. பெண் வாசலில் வந்து நின்றதும் கோயில் பணியாளர் கையைத் தூக்கிக் காட்டுவார், நான் ஆரம்பிப்பேன், அவள் பீடத்துக்கு முன்னால் வந்து நிற்கிற நேரத்தில் பாட்டு முடிந்திருக்க வேண்டும். எங்கள் கோயிலில் வாசலிலிருந்து பீடம் வரை 70 அடி இருக்கும். சாதாரண நடைக்கு இரண்டு சுற்று வாசித்தால் சரியாக வரும். அப்பாக்கள் பதற்றத்தில் வேகமாக நடப்பார்கள், அப்போது இரண்டாவது சுற்றைப் பாதியில் முடிக்க வேண்டியிருக்கும். தாத்தா கூட்டிவந்தால் மூன்று சுற்று. அதனால் பெண்ணை யார் கைப்பிடித்துக் கூட்டிவருகிறார்கள் என்று முன்கூட்டியே தெரிந்துகொள்வது என் வேலையில் ஒரு பகுதி.

அதைக் கேட்கிற விதத்தில் 2009இல் ஒரு தவறு செய்தேன், இன்றைக்கும் அது மனதை அறுக்கிறது. கல்யாணத்துக்கு முந்தின நாள் சாயங்காலம் எல்லாரும் கோயிலில் நிற்கிறார்கள், நான் கீபோர்டு பக்கத்திலிருந்தே சத்தமாக, "அப்பாவைக் கூப்பிடுங்க, நடையை ஒரு தடவை பாத்துடலாம்" என்று சொல்லிவிட்டேன். யாரும் பேசவில்லை. பெண்ணுடைய அம்மாதான் கடைசியில், "அவரு வரமாட்டாரு டீச்சர்" என்றார்கள். உடனே ஒரு பெரியப்பா முன்னால் வந்து "நான் கூட்டிட்டு வாரேன், இதுல என்ன இருக்கு" என்றார், சுற்றி நின்றவர்கள் அப்பாடா என்று தலையாட்டினார்கள். பெண்ணிடம் யாரும் கேட்கவில்லை, நானும் கேட்கவில்லை. குடும்ப வீட்டுக்காக அந்தப் பெரியப்பாதான் இவர்கள்மேல் வழக்குப் போட்டிருந்தார் என்பது எனக்கு அப்புறம்தான் தெரிந்தது. மறுநாள் அந்தப் பெண் அவர் கையைப் பிடிக்கவே இல்லை, இரண்டு பேருக்கும் நடுவில் இன்னொரு ஆள் நடக்கலாம் போல இடம் விட்டு, ஏறக்குறைய ஓடி வந்தாள். முதல் சுற்று முடியும் முன்பே பீடத்தில் நின்றாள்.

அதற்குப் பிறகு நான் "அப்பா எங்கே" என்று கேட்பதே இல்லை. பெண்ணை மட்டும் தனியாகக் கூப்பிட்டு, கீபோர்டு பெஞ்சில் பக்கத்தில் உட்காரவைத்து, "உன்கூட யார் வர்றாங்க?" என்று கேட்கிறேன். பாதிப் பேர் சாதாரணமாக "அப்பா" என்று சொல்லிவிட்டுப் போய்விடுவார்கள். மீதிப் பேரில் சிலர் சொல்லத் தொடங்கினால் அரைமணி நேரம் ஆகும்.

அப்பா இறந்துபோயிருந்தால் ஊருக்குப் பிரச்சினை இல்லை. தாய்மாமா வரலாம், அண்ணன் வரலாம், பார்க்கிறவர்களும் பாவம் என்று கண்ணைத் துடைத்துக்கொள்வார்கள். அப்பா உயிரோடு இருந்து பேச்சுவார்த்தை இல்லை என்றால்தான் எல்லாருக்கும் வாய் வருகிறது. "பெத்த அப்பன் குத்துக்கல் மாதிரி இருக்கும்போது வேற ஆளா?" என்பார்கள். பத்து வருடமாக அந்த வீட்டுப் பக்கம் எட்டிப்பார்க்காத சொந்தம்கூட அந்த ஒரு வாரத்தில் சமாதானம் பேச வந்துவிடும். எனக்கு இதில் கோபம் உண்டு. இவ்வளவு நாள் அந்தப் பிள்ளைகள் எப்படிச் சாப்பிட்டார்கள் என்று கேட்காதவர்கள், போட்டோவில் யார் நிற்க வேண்டும் என்று மட்டும் சொல்ல வருகிறார்கள்.

எங்கள் ஐயரிடம் (இந்தப் பக்கம் போதகரை அப்படித்தான் சொல்வோம்) ஒருநாள் நேராகவே கேட்டேன், அப்பாதான் கூட்டிவர வேண்டும் என்று சபையில் சட்டம் இருக்கிறதா என்று. அவர் 1662ஆம் வருடத்து ஆங்கிலிக்கன் (இங்கிலாந்து திருச்சபை) ஜெப புத்தகத்தை எடுத்துக் காட்டினார். போதகர் பெண்ணை அவளுடைய "தகப்பன் அல்லது நண்பரின்" கையிலிருந்து பெற்றுக்கொள்ள வேண்டும் என்றுதான் அதிலேயே இருக்கிறது. இங்கிலாந்து திருச்சபை 2000இல் கொண்டுவந்த புது முறைமையில் பெண்ணைக் கொடுக்கிற அந்தச் சடங்கையே விருப்பத்துக்கு விட்டுவிட்டார்கள். கத்தோலிக்கத் திருமண முறைமையில் "இந்தப் பெண்ணைக் கொடுப்பது யார்" என்ற கேள்வியே கிடையாது, பெண்ணும் மாப்பிள்ளையும் சேர்ந்தே பவனியாக வரலாம். 1872ஆம் வருடத்து இந்தியக் கிறிஸ்தவத் திருமணச் சட்டம் போதகரைத் தவிர இரண்டு சாட்சிகள் வேண்டும் என்கிறது, யார் கையைப் பிடித்து வர வேண்டும் என்பதைப் பற்றி அதில் ஒன்றும் இல்லை. சட்டமும் சபையும் கேட்காத ஒன்றுக்காகத்தான் பிள்ளைகள் கல்யாண வாரத்தில் தூங்காமல் கிடக்கிறார்கள்.

சுவீடன் பட்டத்து இளவரசி விக்டோரியாவுக்கு 2010இல் கல்யாணம் நடந்தபோது இதற்கு நேர்மாறான சண்டை வந்தது. அங்கே பெண்ணும் மாப்பிள்ளையும் ஒன்றாக நடந்து வருவதுதான் வழக்கம், அவர் அப்பாவோடு வர விரும்பியதைப் பேராயரே பிடிக்கவில்லை என்று சொன்னார். கடைசியில் பாதி வழி அப்பாவோடு, மீதி மாப்பிள்ளையோடு. 2018இல் பிரிட்டிஷ் இளவரசர் ஹாரியைக் கட்டிய மேகன் மார்க்கல், அப்பா வராத கல்யாணத்தில் முதல் பாதியைத் தனியாக நடந்து, அப்புறம் மாமனார் சார்லஸின் கையைப் பிடித்துக்கொண்டார். ராஜ குடும்பங்களிலேயே இது ஒரே மாதிரி இருந்ததில்லை என்று பெஞ்சில் உட்கார்ந்து அழுகிற பெண்களிடம் சொல்லியிருக்கிறேன். கொஞ்சம் மூச்சு விடுவார்கள்.

வேறு சாதியில் கட்டுகிறாள் என்று வீட்டில் ஒருவரும் வராத ஒரு பெண்ணை, அவள் தங்கிப் படித்த ஹாஸ்டல் வார்டன் கூட்டிவந்தார். இன்னொரு பெண் ஆறு வருடம் பேசாத அப்பாவையே போய்க் கூப்பிட்டாள், அம்மாவுக்குப் பிடிக்கவில்லை, ஆனாலும் அவள் எடுத்த முடிவு அது. அந்த அப்பா வழியெல்லாம் அவள் முகத்தையே பார்த்துக்கொண்டு வந்ததை நான் கீபோர்டிலிருந்து பார்த்தேன், அந்தக் கல்யாணத்திலும் எனக்கு ஒரு குறையும் தெரியவில்லை.

நான் எழுத வந்ததே போன வருடத்துக் கல்யாணம் ஒன்றைப் பற்றித்தான். பெண் நர்ஸ். அவளுக்கு ஒன்பது வயதாக இருக்கும்போது அப்பா வேறு குடும்பம் வைத்துக்கொண்டு போய்விட்டார், அம்மா தையல் மெஷினை மிதித்தே இரண்டு பிள்ளைகளையும் படிக்கவைத்தவர். கல்யாணத்துக்கு முன்னால் மூன்று ஞாயிறு கோயிலில் ஓலை (கல்யாண அறிவிப்பு) வாசிப்பார்கள், இன்னாருடைய மகள் என்று. வீட்டில் இல்லாத அந்த மனிதருடைய பெயர் மூன்று வாரமும் மைக்கில் கேட்டது. மூன்றாவது ஓலைக்குப் பிறகு அவரே ஆள் அனுப்பினார், மகளை நான்தான் கூட்டிவருவேன் என்று.

பெஞ்சில் உட்கார்ந்ததும் அவள் சொன்னாள், "அம்மா கூட வரணும் டீச்சர். ஆனா அம்மாதான் மாட்டேங்கிறாங்க."

நான் இதை எதிர்பார்க்கவில்லை. அவள் அம்மாவை வீட்டிலேயே போய்ப் பார்த்தேன். ஜாக்கெட் ஒன்றுக்குக் கொக்கி தைத்துக்கொண்டிருந்தார்கள், நிமிரவே இல்லை. "புருஷன் விட்டுட்டுப் போனவ முன்னால நடந்து வந்தா நல்லாவா இருக்கும் டீச்சர்? புள்ளைக்கு ஆகாது. அவரே வந்துட்டுப் போகட்டும், ஒரு நாள்தானே." வேதம் வாசிக்கிற வீட்டிலும் அந்தப் பயம் இருக்கிறது. எனக்கு என்ன சொல்வது என்று தெரியவில்லை. "உங்க மக கை நடுங்கும்க்கா, அப்ப யார் கையைப் பிடிச்சா அது நிக்கும்னு நினைக்கிறீங்க?" என்று மட்டும் கேட்டுவிட்டு வந்தேன். ஐயரும் ஒருநாள் போய்ப் பேசினார். அதற்கு மேல் நாங்கள் வற்புறுத்தவில்லை, பொருத்தமில்லாத ஆளைப் பெண்ணின்மேல் திணிப்பது எவ்வளவு தப்போ, ஒரு தாயை இழுத்துக்கொண்டு வந்து நிறுத்துவதும் அவ்வளவு தப்பு.

வியாழக்கிழமை சாயங்காலம் கோயில் பூட்டுகிற நேரத்தில் இரண்டு பேரும் வந்து நின்றார்கள். "ஆள் இல்லாதப்ப ஒருக்க நடந்து பாத்துக்கிடுதேன்" என்றார்கள் அம்மா. வருடக்கணக்காகப் பெடல் மிதித்து முழங்கால் தேய்ந்திருந்தது, ஒவ்வொரு நாலு அடிக்கும் ஒரு நிறுத்தம். நான் பாட்டின் வேகத்தைக் குறைத்து, நிறுத்தத்துக்கு இடம் கொடுத்து வாசித்துப் பழகினேன். மூன்று சுற்று வந்தது.

அப்பாவிடம் அந்தப் பெண்ணே போனில் பேசினாள். வாங்க, உட்காருங்க, சாப்பிடுங்க, கூட்டிட்டு வாரது மட்டும் அம்மா என்றாளாம். அவர் வந்தார். நடுத் தூணுக்குப் பக்கத்துப் பெஞ்சில், ஓரமாக. பதிவேட்டில் தகப்பன் பெயருக்கு என்று ஓர் இடம் உண்டு, அங்கே என்ன எழுதுவது என்று ஐயர் முதல் நாளே தயங்கிக் கேட்டிருக்கிறார். "எழுதிக்குங்க ஐயா, அது உண்மைதானே" என்று சொல்லியிருக்கிறாள்.

கோயில் பணியாளர் கையைத் தூக்கினார், நான் ஆரம்பித்தேன். வெள்ளைப் பட்டில் மகள், பழைய நீலப் பட்டில் அம்மா. முதல் நாலு அடிக்கு யார் யாரைத் தாங்குகிறார்கள் என்று சொல்ல முடியவில்லை. பேச்சுச் சத்தம் கொஞ்சம் எழுந்தது, அப்புறம் அடங்கிவிட்டது. தூணைத் தாண்டும்போது அம்மா அந்தப் பக்கம் திரும்பவில்லை. மூன்றாவது சுற்று முடிகிற இடத்தில் சரியாகப் பீடத்துக்கு வந்து சேர்ந்தார்கள்.

வழக்கமாகப் பெண்ணை விட்டுவிட்டு வந்தவர் முதல் பெஞ்சுக்குப் போய்விடுவார். நாங்கள் அன்றைக்கு வரும் வழியை மட்டும்தான் பழகினோம், அப்புறம் எங்கே போக வேண்டும் என்று அம்மாவுக்குச் சொல்லிக்கொடுக்க மறந்துவிட்டோம். அவர்கள் மகள் கையை விடாமல் அப்படியே நின்றார்கள். ஐயர் புத்தகத்தைத் திறந்தவர் திரும்ப மூடிக்கொண்டு காத்திருந்தார். நான் நாலாவது சுற்றை ஆரம்பித்தேன்.