எளிய சொல்லுக்கு அகராதி பார்க்கவில்லை

‘ஏஜ்ம் வகோன்த் ஒங்கர்வ்.’ கல்மிக் மொழியில் மூன்றே சொற்கள். கடைசிச் சொல்லுக்குக் ‘காலமானார்’ என்று பொருள். நடுச்சொல்லுக்கு ‘ரயில் பெட்டியில்’ என்று பொருள். முதற்சொல்லின் ஈற்றில் ஒட்டிக்கொண்டிருக்கும் மகர ஒற்று ‘என்னுடைய’ என்பதைக் காட்டும். எஞ்சியிருப்பது ‘ஏஜ்’ ஒன்றுதான். அதை நான் ‘அம்மா’ என்று எழுதினேன். அப்படி எழுதியது பிழை என்பதில் எனக்கு ஐயமில்லை. அதைத் திருத்தியது சரிதானா என்பதில்தான் இன்றுவரை மனம் ஒரு நிலைக்கு வரவில்லை.

அந்த மூன்று சொற்களைச் சொன்ன மூதாட்டியின் குரலைப் பதிவு செய்தது 2018ஆம் ஆண்டின் இலையுதிர் காலத்தில், ரஷ்யாவில் கல்மிக் மக்களின் குடியரசுத் தலைநகரான எலிஸ்தாவில், அவருடைய வீட்டுச் சமையலறை மேசையில். 1943 டிசம்பர் 28 அன்று காலை படைவீரர்கள் வீட்டுக்குள் வந்தபோது அவருக்கு ஐந்து வயது. கல்மிக் மக்கள் அனைவரும் துரோகிகள் என்று சோவியத் அரசு முடிவுகட்டி, அவர்களுடைய குடியரசையே முந்தைய நாள் ஆணையால் இல்லாமல் ஆக்கிவிட்டு, தொண்ணூறாயிரத்துக்கும் மேற்பட்டவர்களைக் கால்நடை ஏற்றும் பெட்டிகளில் அடைத்துச் சைபீரியாவுக்கு அனுப்பிய நாள் அது. போர்முனையிலிருந்த கல்மிக் வீரர்கள் பலரும் பிறகு திரும்ப அழைக்கப்பட்டு, உரால் பகுதிக் கட்டாய உழைப்பு முகாமுக்கோ சைபீரியாவுக்கோ அனுப்பப்பட்டார்கள். இவற்றையெல்லாம் அவர் சொல்லவில்லை. எலிஸ்தாவில் யாரும் யாருக்கும் சொல்லத் தேவையில்லாதவை இவை. பெட்டியின் பலகை இடுக்கில் படிந்திருந்த பனியை விரலால் சுரண்டி வாயில் போட்டுக்கொண்டதையும், ஏஜ் தன் கம்பளி மேலாடையைக் கழற்றிச் சிறுமியாயிருந்த அவர்மேல் சுற்றியதையும், ஏதோ ஒரு நிலையத்தில் கதவைத் திறந்தபோது ஏஜைக் கீழே இறக்கி வைத்துவிட்டு வண்டி கிளம்பியதையும் மட்டும்தான் சொன்னார். அடக்கம் செய்ய நேரம் கொடுக்கவில்லை என்று சொல்லும்போதும் அவருடைய குரல் மாறவில்லை.

நான் மங்கோலிய மொழிக் குடும்பத்துக்குள் ஹல்ஹாவின் வழியாக நுழைந்தவன். உலான்பாத்தரில் பேசப்படுவதும் பாடநூல்களில் மங்கோலியம் என்று பெயர் பெற்றிருப்பதும் ஹல்ஹாதான். அதில் ‘ஏஜ்’ என்றால் அம்மா. பாட்டிக்கு ‘எமே’ என்று வேறு சொல் இருக்கிறது. பைக்கால் ஏரியைச் சூழ்ந்து வாழும் புரியாத் மக்களின் பேச்சிலும் ‘எஜீ’ என்றால் அம்மாதான். கல்மிக்குகளோ பதினேழாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் மேற்கே நகர்ந்து வோல்கா ஆற்றின் கீழ்ப்பகுதிப் புல்வெளிகளில் தங்கிவிட்ட ஒய்ராத் எனும் மேற்கு மங்கோலிய மக்களின் வழிவந்தவர்கள். அவர்கள் வீட்டில் பெற்றவள் ‘எக்’; ‘ஏஜ்’ என்பது அப்பாவைப் பெற்றவள். ‘ஆவ்’ என்றால் ஹல்ஹாவில் அப்பா, கல்மிக்கில் தாத்தா. உறவுச் சொற்கள் ஒரு தலைமுறை மேலே ஏறி அமர்ந்துவிட்டன.

இந்தப் பிழை இத்தனை வாரம் ஒளிந்திருந்ததற்கு ஒரு காரணம் உண்டு. முதல் நாளிலிருந்தே நான் அவரை ‘ஏஜ்’ என்றுதான் அழைத்தேன். அவருடைய பேத்தியும் அப்படித்தான் அழைத்தாள், பக்கத்து வீட்டுப் பிள்ளைகளும் அப்படித்தான் அழைத்தார்கள். நான் ‘அம்மா’ என்று மரியாதையாக அழைப்பதாக எண்ணிக்கொண்டிருந்தேன். அவர்களோ நான் ‘பாட்டி’ என்று அழைப்பதாக எண்ணியிருந்தார்கள். எண்பது வயதுப் பெண்மணிக்கு இரண்டும் பொருந்தும். ஒவ்வொரு நாளும் பலமுறை அந்தச் சொல் எங்களுக்கிடையே போய் வந்தது, இரு பக்கமும் வெவ்வேறு பொருளோடு.

அறியாமையால் நேர்ந்தது என்று என்னால் சொல்ல முடியவில்லை. மங்கோலிய மொழிகள் ஹல்ஹாவின் கிளைகள் அல்ல, ஹல்ஹாவும் அவற்றுள் ஒரு கிளைதான் என்று வகுப்பில் மாணவர்களுக்கு நானே விளக்கியிருக்கிறேன். சிவப்பைக் குறிக்கும் ‘உலான்’ என்ற சொல்லின் தொடக்கத்தில் பழைய மங்கோலியத்தில் இருந்த ஹகர ஒலியை ஹல்ஹா இழந்துவிட்டது, சீனாவின் வடகிழக்கில் வாழும் தகூர் மக்கள் இன்னும் காப்பாற்றி வைத்திருக்கிறார்கள் என்று கரும்பலகையில் எழுதிக் காட்டியிருக்கிறேன். எலிஸ்தாவுக்குப் போன பிறகும் வினைச்சொற்களில் கவனமாகவே இருந்தேன். ஹல்ஹாவில் நான் போனாலும் நீ போனாலும் ‘யவ்ன’ என்ற ஒரே வடிவம்தான். கல்மிக்கில் ‘யோவ்னவ்’ என்றால், நம் ‘போகிறேன்’ என்பதைப் போல, பேசுபவர் யார் என்பது வினையின் ஈற்றிலேயே தெரிந்துவிடும். இதைக் கண்டு மகிழ்ந்து நான்கு பக்கக் குறிப்பு எழுதினேன். வினையீறுகளை எண்ணிக்கொண்டிருந்த அதே நாட்களில்தான் அந்தப் பெயர்ச்சொல்லைக் கேட்காமல் கடந்து போனேன்.

1977இல் மாஸ்கோவில் வெளியான கல்மிக்–ரஷ்ய அகராதி என் மேசையிலேயே இருந்தது. கன்றுக்குட்டியின் வயதைக் குறிக்கும் சொல்லுக்கும், கூடாரத்தின் மேல்வளையத்துக்கும், தேநீரைக் கரண்டியால் அள்ளி ஊற்றி ஆற்றுவதைக் குறிக்கும் சொல்லுக்கும் அதைப் புரட்டியிருக்கிறேன். ‘ஏஜ்’ என்ற சொல்லுக்குப் புரட்டவில்லை. தெரியாத சொல் தன்னைத் தானே காட்டிக்கொடுத்துவிடும். தெரிந்த சொல் காட்டிக்கொடுக்காது. அதுவும், ‘ஆத்தா’ என்ற சொல் ஓர் ஊரில் பெற்றவளையும் இன்னோர் ஊரில் பாட்டியையும் குறிப்பதைப் பார்த்தே வளர்ந்த எனக்கு, மங்கோலிய நிலப்பரப்பிலும் அப்படி இருக்கக்கூடும் என்று ஒருமுறைகூடத் தோன்றாமல் போனதை எப்படி விளக்குவது என்று தெரியவில்லை.

பதிவுக் குழுவாக நாங்கள் வைத்திருந்த ஒழுங்கின்படி, மொழிபெயர்ப்பு முடிந்த ஒவ்வொரு பதிவையும் கல்மிக்கைத் தாய்மொழியாகக் கொண்ட ஒரு நண்பர் கேட்டுச் சரிபார்க்க வேண்டும். அதன் பிறகு பேசியவரிடமே வாசித்துக் காட்ட வேண்டும். டிசம்பர் 28ஆம் நாள் நினைவுநாளுக்காக ஒரு சிறிய கூடத்தில் காட்சிப் பலகைகள் வைப்பதாக முடிவானபோது அந்த நண்பர் இரண்டு வாரமாக ஊரில் இல்லை. காத்திருக்கலாமா என்று பொறுப்பாளர் என்னிடம் கேட்டார். அந்த வாக்கியங்கள் எளிமையானவை, காத்திருக்கத் தேவையில்லை என்று நான் சொன்னேன். என்னை யாரும் நெருக்கவில்லை. நினைவுநாள் தவறிவிட்டால் இன்னும் ஓராண்டு ஆகும், பேசியவர்கள் எல்லாரும் எண்பதைக் கடந்தவர்கள் என்ற எண்ணம் எனக்குள் இருந்தது. அது பொய்யான காரணமும் அல்ல. என் பெயர்ப்பை வைத்து ரஷ்ய வாசகம் தயாரானது. ‘என் அம்மா ரயில் பெட்டியிலேயே இறந்துபோனாள்’ என்று பெரிய எழுத்தில் அச்சிட்டு, அவருடைய படத்துக்குக் கீழே மாட்டினோம்.

அன்று அவரும் வந்திருந்தார். பேத்தி அந்த வரியை வாசித்துக் காட்டினாள். பக்கத்தில் நின்றிருந்த, அவருக்கு முன்பின் அறிமுகமில்லாத ஒரு பெண் அழுதுகொண்டே அவரைக் கட்டிக்கொண்டார். இன்னும் இரண்டு மூன்று பேர் அருகில் வந்து அவருடைய கையைப் பிடித்துக்கொண்டார்கள். அவர் எதுவும் சொல்லவில்லை; பலகையையே பார்த்துக்கொண்டு நின்றார். அவர் உருகி நிற்பதாக நான் நினைத்தேன். எங்கள் வேலைக்கு ஒரு பயன் கிடைத்துவிட்டது என்றுகூட எனக்குள் ஒரு நிறைவு வந்தது.

அவர்கள் வீட்டுச் சுவரில் 1958இல் எடுத்த ஒரு புகைப்படம் தொங்கும். திரும்பி வர அனுமதி கிடைத்த அடுத்த ஆண்டு அது. தலையில் துண்டு கட்டிய ஒரு நடுவயதுப் பெண்ணும், பக்கத்தில் இருபது வயதில் அவரும். வாரக்கணக்கில் அதன் கீழே உட்கார்ந்து தேநீர் குடித்திருக்கிறேன். அந்தப் பெண் யாரோ அத்தை என்று நானே முடிவு செய்திருந்தேன். அவர்தான் அம்மா. பதின்மூன்று ஆண்டு சைபீரிய வாழ்க்கையைத் தாண்டி உயிரோடு திரும்பி வந்து, எலிஸ்தாவிலேயே மூப்படைந்து காலமானவர். பேத்தி அன்றிரவு தூங்கவில்லை என்று பிறகு சொன்னாள். படத்தில் இருப்பவர் யார், தன் வீட்டில் இவ்வளவு காலம் எதை மறைத்தார்கள் என்று விடியும்வரை யோசித்திருக்கிறாள். ஒரு சொல்லை நான் சரிபார்க்காததால் ஒரு பெண்ணுக்குத் தன் கொள்ளுப்பாட்டி யார் என்பதே ஓரிரவு ஐயமாகிவிட்டது.

மறுநாள் காலை அவர் என்னை வரச் சொன்னார். உப்பும் வெண்ணெயும் இட்ட ஜொம்பா தேநீரைக் கிண்ணத்தில் ஊற்றி முன்னால் வைத்தார். நான் இரு கையாலும் வாங்கிக்கொண்ட பிறகுதான் ரஷ்ய மொழியில் பேசத் தொடங்கினார்.

“உன் ஏஜ் வேறு, எங்கள் ஏஜ் வேறு. உனக்கு யாரும் சொல்லவில்லையா?”

எனக்கு உடனே புரிந்தது. மன்னிப்புக் கேட்டேன். இன்றைக்கே அந்தப் பலகையை எடுத்துவிட்டுத் திருத்தியதை மாட்டுகிறேன் என்றேன்.

“வேண்டாம். இருக்கட்டும்” என்றார்.

“அது தவறாயிற்றே, ஏஜ்” என்றேன். அந்தச் சொல்லை முதன்முறையாக அதன் பொருளறிந்து சொல்கிறேன் என்பது சொன்ன பிறகுதான் உறைத்தது.

“பெட்டியில் கிழவிக்காக யாரும் அழவில்லை. எல்லாரும் அவரவர் பிள்ளைகளைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். என் அம்மாவும் அழவில்லை, என்னைத்தான் பிடித்துக்கொண்டிருந்தாள். நேற்று அந்தக் கிழவிக்காக அழுதார்கள். அதை எடுக்காதே.”

நான் பதில் சொல்லவில்லை. கிண்ணத்தைக் காலி செய்துவிட்டு எழுந்தேன். அன்று மாலையே பலகையை மாற்றினேன்.

அந்த முடிவுக்கு என்னிடம் வலுவான காரணங்கள் இருந்தன. அவை இன்றும் வலுவானவை என்றே நினைக்கிறேன். ஒரு மக்களினத்தின்மீது மொத்தமாகப் பழி சுமத்திய அரசு, அந்தப் பழி சட்டவிரோதமானது என்று ஒப்புக்கொள்ள 1989வரை ஆயிற்று. ஒடுக்கப்பட்ட மக்களினங்களுக்கு நீதி வழங்கும் சட்டம் வந்தது 1991 ஏப்ரலில்தான். இப்படிப்பட்ட வரலாற்றில் ஒரு சாட்சியத்தில் ஓர் உறவுமுறை பிழை என்று தெரிந்தும் விட்டுவைத்தால், நாளை அதைப் பிடித்துக்கொண்டு சாட்சியம் முழுவதையும் தள்ளுவதற்கு யாராவது வரலாம். அவருடைய அம்மா இறந்த ஆண்டு அரசுப் பதிவேட்டில் இருக்கிறது. மேலும் பேத்திக்கு அந்த ஓரிரவு நேர்ந்ததைப் போல வேறு எவருக்கும் நேரக் கூடாது. இவை எல்லாம் உண்மை. ஆனால் ஊர்க் கோடியில் நான்கே நாள் திறந்திருக்கும் ஒரு கூடத்துக்கு, சாட்சியத்தை உடைக்கும் நோக்கத்தோடு யாரும் வரப்போவதில்லை என்பதும் எனக்குத் தெரிந்தே இருந்தது. அன்று மாலை என் கைகளை அவ்வளவு விரைவாக இயக்கியது வரலாற்றின்மீதுள்ள பொறுப்பா, என் பெயர்ப்பில் பிழை தொங்கிக்கொண்டிருப்பதைக் காணப் பொறுக்காத மனமா என்று எத்தனையோ முறை என்னையே கேட்டிருக்கிறேன். ஒருநாள் ஒரு விடை வரும். மறுநாள் வேறொன்று வரும்.

பேசியவருக்கே அவர் பேச்சின் மீது முதல் உரிமை என்று எங்கள் ஒப்பந்தப் படிவத்திலேயே எழுதியிருந்தது. ஆனால் அவர் பேசியது ‘பாட்டி’ என்றுதானே? அவர் சொன்னதைத்தான் நான் மீட்டுக்கொடுத்தேன் என்று சொல்லிக்கொள்ளலாம். அப்படிச் சொல்லும்போதெல்லாம், ‘அதை எடுக்காதே’ என்பதும் அவர் சொன்னதுதான் என்பது எதிரே வந்து நிற்கிறது.

புதிய பலகையை மாட்டிய பிறகு, கூடத்தின் ஓரத்தில் ஒரு நாற்காலியில் இரண்டு நாள் உட்கார்ந்து பார்த்தேன். ‘என் பாட்டி ரயில் பெட்டியிலேயே இறந்துபோனாள்’ என்று இப்போது சரியாக இருந்தது. வந்தவர்கள் வாசித்தார்கள், தலையை அசைத்தார்கள், குழந்தையை இழந்த ஒருவருடைய அடுத்த பலகைக்கு நகர்ந்தார்கள். யாரும் அங்கே நின்று அழுததை நான் பார்க்கவில்லை. வந்தவர்களைக் குறை சொல்ல ஏதுமில்லை. அந்த ஊரில் ஒவ்வொரு குடும்பத்திலும் அந்தப் பயணத்தில் இறந்த ஒரு கிழவியோ கிழவனோ உண்டு. ஆனால் அவர் எதைச் சொன்னாரோ அதுவே என் கண்முன் மறுபடி நடந்தது.

ஆவணக் கோப்பில் அந்த வரிக்கு இப்போது ‘தந்தைவழிப் பாட்டி’ என்று பொருள் குறித்திருக்கிறேன். பக்கத்தில் இருக்கும் குறிப்புக் கட்டத்தில் முதலில் எழுதிய பிழையையும், அது ஏன் நேர்ந்தது என்பதையும் பதிவு செய்தேன். அவர் கேட்டுக்கொண்டதையும் அதே கட்டத்தில் எழுதினேன்; பிறகு அழித்தேன்; மறுபடி எழுதினேன். தேநீர் மேசையில் சொன்னது அது. ஒலிப்பதிவுக் கருவி அன்று பைக்குள் இருந்தது. பதிவுக்குச் சம்மதித்தவர் அதற்கும் சம்மதித்தார் என்று கொள்ள முடியாது. எழுதாமல் விட்டால் அவர் மறுத்ததே வெளியில் தெரியாது. இப்போதைக்கு அந்த வரி இருக்கிறது, வெளியாருக்குத் திறக்காதபடி.

2019 ஏப்ரலில் மறுபடி போனேன். புல்வெளியில் துலிப் பூக்கள் மலர்ந்திருந்த காலம். கல்மிக்கில் நலம் கேட்டேன். அவர் ரஷ்ய மொழியில் பதில் சொன்னார். மூட்டுவலியைப் பற்றிக் கல்மிக்கில் கேட்டேன், ரஷ்யத்திலேயே விளக்கினார். அன்பாகத்தான் பேசினார், கிண்ணம் காலியாகும் முன்பே மறுபடி ஊற்றினார், என் வீட்டாரை ஒவ்வொருவராக விசாரித்தார். முந்தைய இலையுதிர் காலத்தில் என் உச்சரிப்பைத் திருத்தித் திருத்திக் கல்மிக்கிலேயே பேசவைத்தவர், அன்று முழுவதும் என்னிடம் ஒரு கல்மிக் வாக்கியம்கூடச் சொல்லவில்லை. வயது காரணமாக இருக்கலாம், களைப்பாக இருக்கலாம் என்று பேத்தி சொன்னாள். நான் விடைபெறும்போது அவர் சமையலறைப் பக்கம் திரும்பி, எனக்குக் கொடுத்தனுப்ப போர்ட்ஸக் ரொட்டியைப் பொட்டலம் கட்டச் சொன்னார். பேத்தியிடம் அதைக் கல்மிக்கில் சொன்னார். அவள் ரஷ்யத்தில், எத்தனை என்று கேட்டாள்.