ஸெஃப்ரம் காக்ரேனின் அத்திமரமும் எங்கள் வீட்டு முருங்கையும்

அமெரிக்காவில் அரிசோனா மாநிலத்து டூசானுக்கு வந்த முதல் மூன்று மாதம் வீட்டுக்காரரைத் தவிர ஒரு மனுஷரிடமும் நான் நேரில் பேசவில்லை. அவர் காலையில் ஏழரைக்கு ஆய்வகத்துக்குப் போனால் இருட்டிய பிறகுதான் வருவார், எனக்கு இருந்தது ஹெச்4 விசா, வேலை விசாவில் வந்தவரின் மனைவிக்குக் கொடுப்பது, அதை மட்டும் வைத்து வேலைக்குப் போக முடியாது, கார் ஓட்டவும் அப்போது தெரியாது, வெளியே எட்டிப் பார்த்தால் ஜூன் மாத வெயில் 42 டிகிரி. கோவில்பட்டியில் பிறந்தவளுக்கு வெயில் ஒரு பொருட்டில்லை. ஆனால் எங்கள் ஊர் வெயிலில் தெருவில் ஆள் இருக்கும், மோர் விற்கிறவர் குரலாவது கேட்கும். அரிசோனாவில் மத்தியானம் தெருவே காலி.

அந்த நாட்களில்தான் ஸ்டார் ட்ரெக் என்ற அமெரிக்க விண்வெளிக் கதையின் பழைய டிவி தொடரை முதலிலிருந்து பார்க்க ஆரம்பித்தேன். 1967 நவம்பரில் ஒளிபரப்பான ஒரு பகுதியில் ஸெஃப்ரம் காக்ரேன் வருகிறார். கதைப்படி ஒளியை மிஞ்சும் வேகத்தில் போகும் வார்ப் இயந்திரத்தை மனிதர்களுக்குக் கண்டுபிடித்துக் கொடுத்தவர் அவர்தான். அவர் பேரில் கிரகங்களும் பல்கலைக்கழகங்களும் நகரங்களும் இருக்கின்றன என்று அதில் சொல்கிறார்கள். அவரோ 87 வயதில், சாவதானால் விண்வெளியிலேயே சாகலாம் என்று தனியாகக் கிளம்பிப்போய்க் காணாமல் போனவர். 150 வருஷம் கழித்து தொடரின் நாயகன் கேப்டன் கிர்க் அவரை ஒரு சின்ன உலகத்தில், வாலிபராகப் பார்க்கிறார். மேகம் மாதிரி மின்னுகிற ஓர் உயிர் அவரைக் காப்பாற்றி, இளமையைத் திருப்பிக் கொடுத்து, சாப்பாடு கொடுத்து வைத்திருக்கிறது. எல்லாம் இருக்கிறது, பேச மனுஷர் இல்லை. மனுஷர் துணை இல்லாவிட்டால் செத்துப்போவேன் என்று அவர் சொன்னதால்தான் அந்த உயிர் போகிற வழியில் கிர்க்கின் ஓடத்தையே இழுத்து வந்திருக்கிறது.

அந்த இடத்தில் நிறுத்திவிட்டு அழுதேன். உலகம் விட்டு உலகம் போக எல்லோருக்கும் வழி போட்டுக் கொடுத்த மனிதருக்கு இப்படி ஒரு வீடு!

அப்புறம் அவரைத் தேடித் தேடிப் பார்த்தேன். 1996இல் வந்த ஸ்டார் ட்ரெக்: ஃபர்ஸ்ட் கான்டாக்ட் படத்தில் அவர் வேறு ஆள், ஜேம்ஸ் கிராம்வெல் நடித்தது. மூன்றாம் உலகப் போர் முடிந்த காலம், மொன்டானாவில் குடித்துக்கொண்டு திரிகிறார், காசுக்காகத்தான் வார்ப் கப்பலைக் கட்டினேன் என்கிறார், பிற்காலத்தில் உங்களுக்குச் சிலை வைப்பார்கள் என்று சொன்னதும் காட்டுக்குள் ஓடிவிடுகிறார். நிறையப் பேருக்கு இந்தக் காக்ரேனைத்தான் பிடிக்கும். எனக்கு அந்தப் பழைய ஆள்தான். பழைய தொடரில் அவரை ஆல்ஃபா செந்தாரி என்கிற பக்கத்து நட்சத்திரத்துக்காரர் என்பார்கள், படத்தில் பூமிக்காரர் ஆகிவிடுகிறார். பின்னால் அங்கே போய்க் குடியேறியிருப்பார் என்று ரசிகர்கள் ஒட்டுப் போட்டுச் சொல்வார்கள், எனக்கு அந்தப் பதில் ரொம்பப் பிடிக்கும். அப்படியானால் அவரும் ஊர் விட்டு ஊர் போனவர்தானே.

இதை எல்லாம் ஒரு ராத்திரி சொல்லிக்கொண்டிருந்தபோது வீட்டுக்காரர் சொன்னார், அந்தப் படத்தில் வருகிற ஏவுகணை நம் ஊர்ப் பக்கம்தான் இருக்கிறது என்று. டூசானிலிருந்து தெற்கே 40 கிலோமீட்டர் போனால் சாவரீட்டா, அங்கே டைட்டன் ஏவுகணை அருங்காட்சியகம். 1963 முதல் இந்த ஊரைச் சுற்றி இப்படி 18 டைட்டன் 2 ஏவுகணைகளைப் பூமிக்குள் கிணறு தோண்டி நிறுத்தி வைத்திருந்தார்கள், ஒவ்வொன்றின் தலையிலும் 9 மெகாடன் அணுகுண்டு. எல்லாவற்றையும் எடுத்த பிறகு பார்வைக்கென்று விட்டு வைத்தது இந்த ஒரு கிணற்றைத்தான். உள்ளே நிற்கிற ஏவுகணையில் குண்டும் எரிபொருளும் இல்லை, வெறும் கூடு, 31 மீட்டர் உயரம். விளிம்பில் நின்று குனிந்து பார்த்தால் காலடியில் கோயில் தேர் ஒன்றைப் புதைத்து வைத்த மாதிரி இருக்கிறது. கதையில் காக்ரேன் இப்படிப்பட்ட ஏவுகணையின் மேல்தான் தன் ஃபீனிக்ஸ் கப்பலைக் கட்டி 2063 ஏப்ரல் 5 அன்று கிளம்புகிறார். ஊரை அழிக்கச் செய்த ஒன்றில் ஏறி அடுத்த உலகத்துக்குப் போவது என்று யோசித்த எழுத்தாளர்களுக்கு அங்கேயே நின்று மனசுக்குள் நன்றி சொன்னேன்.

அந்தப் பயணத்தைக் கவனித்து அன்று ராத்திரியே வல்கன்கள் என்கிற வேற்றுலகத்தவர் வந்து இறங்குகிறார்கள். வந்தவர் விரல்களை இரண்டு இரண்டாகப் பிரித்து வாழ்த்துச் சொல்கிறார். காக்ரேன் தானும் முயல்கிறார், விரல் வளைந்து கொடுக்கவில்லை. சரி என்று கையை நீட்டுகிறார். அவ்வளவுதான், அந்தக் கதையில் இரண்டு உலகங்கள் பழக ஆரம்பித்தது அப்படித்தான்.

எனக்கு அது மெக்சிகன் கடையில் நடந்தது. காய்கறிப் பக்கத்தில் முள் சீவிய சப்பாத்திக்கள்ளி மட்டையை அடுக்கி வைத்திருந்தார்கள், நோபாலெஸ் என்று எழுதியிருந்தது. சின்ன வயதில் கள்ளிப்பழம் தின்று நாக்குச் சிவக்கத் திரிந்தவள் நான், மட்டையைச் சமைப்பார்கள் என்று தெரியாது. பக்கத்து வீட்டு மெக்சிகன் அம்மா அங்கே நின்றுகொண்டிருந்தார். எனக்கு ஸ்பானிஷ் தெரியாது, அவருக்கு ஆங்கிலம் குறைவு. என் கூடையிலிருந்த புளியைக் காட்டி "தமரிந்தோ" என்றார். நான் "புளி" என்றேன். அவர் "புளி, புளி" என்று இரண்டு முறை சொல்லிப் பார்த்தார். மறுநாள் கள்ளி மட்டையை வெங்காயம் போட்டு வதக்கி ஒரு கிண்ணத்தில் கொண்டு வந்தார். நான் ரசம் கொடுத்தேன். இப்போது என்னை "மிஹா" என்றுதான் கூப்பிடுகிறார், மகளே என்று அர்த்தம்.

ஜூலையில் மழை வந்தது. இங்கேயும் அதை மான்சூன் என்றுதான் சொல்கிறார்கள். மழைக்கு முன்னால் கிரியோசோட் புதர் ஒரு வாசனை விடும், எங்கள் கரிசல் மண்வாசனை இல்லை அது, ஆனாலும் இப்போது அந்த வாசனை வந்தால் காயப்போட்ட துணியை எடுக்கக் கால் தானாக ஓடுகிறது.

காக்ரேன் கதை முடிவைச் சொல்லவில்லையே. கிர்க் கூப்பிடுகிறார், காக்ரேனும் கிளம்பத்தான் நினைக்கிறார். ஆனால் அந்த மேக உயிர், செத்துக்கொண்டிருந்த ஒரு பெண்ணோடு கலந்து மனுஷியாகி நிற்கிறது, அந்த மண்ணை விட்டு வந்தால் அதற்கு உயிர் தங்காது. அவர் இருந்துவிடுகிறார். தண்ணீர் இருக்கிறது, பயிர் வளர்கிற சீதோஷ்ணம் இருக்கிறது, ஒரு அத்திமரம் நட்டுப் பார்க்கலாம் என்கிறார்.

நான் முருங்கை நட்டேன். இங்கே செடி விற்கிறவரிடமே கன்று கிடைத்தது. ஒரே கோடையில் என் தலைக்கு மேல் போனது, டிசம்பர் உறைபனியில் மொத்தமும் கருகி, குச்சியாக நின்றது. வெட்டிவிட வேண்டாம், தூரில் உயிர் இருக்கும் என்று அம்மா போனில் சொன்னாள். மார்ச் கடைசியில் அடியிலிருந்து நாலைந்து துளிர் வந்துவிட்டது. கீரை பறிக்க இன்னும் இரண்டு வாரம் ஆகும், முதல் கட்டு பக்கத்து வீட்டு அம்மாவுக்கு என்று சொல்லி வைத்திருக்கிறேன்.