கிணற்றை எப்படிப் பாகம் பிரிப்பது?

காங்கேயம் பக்கம் இருக்கும் அப்பாரு (தாத்தா) தோட்டத்துப் பாக வழக்கில் முதல்நிலைத் தீர்ப்பாணை வந்துவிட்டது. அத்தைக்கும் சமபங்கு. "கட்டிக் கொடுத்து, சீரெல்லாம் செஞ்சாச்சு, இப்ப எதுக்குப் பங்கு?" என்பது பெரியப்பா கட்சி. மகள்களுக்கும் பங்கு தந்த, இந்து வாரிசுரிமைச் சட்டத்தின் 1989 தமிழ்நாட்டுத் திருத்தம், அதற்கு முன்பே கல்யாணமான பெண்களை விட்டுவிட்டது; அதையே பிடித்துக்கொண்டிருந்தார். மகளுக்கும் மகனைப் போலவே சமபங்கு என்ற 2005 மத்தியத் திருத்தமும், அதை உறுதிசெய்த 2020 உச்ச நீதிமன்றத் தீர்ப்பும் வந்தபின் அது எடுபடவில்லை.

வழக்கு முடிந்ததென்று சொந்தக்காரர்கள் நினைக்கிறார்கள். எங்கே முடிந்தது? யாருக்கு எவ்வளவு என்பதுதான் இப்போது முடிவானது. எந்தப் பக்கம் யாருக்கு என்பதற்கு இறுதித் தீர்ப்பாணை வேறு வர வேண்டும்.

அதற்காகக் கோர்ட் நியமித்த வக்கீல் ஆணையர் சர்வேயரோடு வந்தார். மேய்ச்சல் நிலமான கொறங்காட்டைக் கிளுவை வேலியோரமாக அளந்தாயிற்று. சிக்கல் கிணற்றடியில்தான். கிணறு ஒன்று, மோட்டார் ஒன்று, கரண்ட் சர்வீஸ் இன்னும் அப்பாரு பெயரில். பொதுவில் வைத்துத் தண்ணீர் முறை போடலாம் என்றார் ஆணையர்.

"ராத்திரி முறைய எந்தலையில கட்டீராதீங்க சாமி," என்றார் அத்தை. நியாயம்தான், ஆணையர் அதையும் எழுதிக்கொண்டார்.

அப்புறம் இறுதி ஆணையை முத்திரைத் தாளில் எழுதி வாங்க வேண்டும். அந்தச் செலவைப் பற்றி யாரும் இன்னும் வாயே திறக்கவில்லை.