கொத்து ரொட்டியின் இரவுப் பயணம்

கொழும்பு வெள்ளவத்தையில் இரவு 10 மணிக்குத் தட்டில் விழும் சீஸ் கொத்துக்குப் பல்லின் வேலை பாதி கடையிலேயே முடிந்துவிடுகிறது, டக்கு டக்கென்று தகடுகள் கொத்தியே. வில்லங்கமும் அங்கேதான். கொத்திய ரொட்டியை யார் மெல்லுவார்? அப்படியே விழுங்கிவிடுகிறோம். மாப்பொருளை உடைக்கும் அமிலேசு நொதியம் உமிழ்நீரில் இருக்கிறது. மெல்லாவிட்டால் அது ரொட்டியோடு சரியாகச் சேராது.

களம், அதாவது உணவுக்குழாய், 25 சென்ரிமீற்றர் நீளம். அதன் தசைகளின் சுற்றுச்சுருங்கல் ஏறத்தாழ 10 செக்கனில் கவளத்தை இரைப்பைக்குத் தள்ளிவிடும். தலைகீழாக நின்றாலும் தள்ளும்!

நீண்ட காத்திருப்பு இரைப்பையில்தான். ரொட்டியின் எண்ணெயும் சீஸும் முன்சிறுகுடலைத் தொட்டதும் அங்கிருந்து ஒரு ஓமோன் புறப்படும்: "மெல்ல அனுப்பு, பித்தம் வரட்டும்." இரைப்பை கதவைச் சாத்திக்கொள்ளும். கொழுப்புக் கூடிய சாப்பாடு வெளியேற 4 மணித்தியாலத்துக்கு மேலும் ஆகலாம். நாமோ 11 மணிக்கே படுக்கிறோம். களத்தின் அடியை மூடிவைக்கும் இறுக்கித் தசையைக் கொழுப்புத் தளர்த்தும்; கூடக் குடித்த சோடாவின் வாயு இரைப்பையை உப்பவைத்து அந்த இறுக்கியை இன்னும் திறக்கும். அமிலம் மேலேறி நெஞ்சு எரியும்.

ஆகவே சாப்பிட்டு 3 மணித்தியாலம் கழித்துப் படுங்கள். இடப்பக்கம் சரிந்தால் இரைப்பை களத்துக்குக் கீழே அமையும், அமிலம் ஏறுவது குறையும். கட்டிலின் தலைப்பக்கக் கால்களுக்கு 15 சென்ரிமீற்றர் கட்டை வையுங்கள். தலையணையை அடுக்கினால் வயிறு மடிந்து அமுக்கம் கூடும். வியர்வையோடு நெஞ்சு இறுகினால், வலி கைக்கோ தாடைக்கோ பரவினால், அது மாரடைப்பாக இருக்கலாம்; "கேஸ்ட்ரைட்டிஸ்" (இரைப்பை அழற்சி) என்று தள்ளிப்போடாமல் உடனே 1990 சுவசெரிய அம்புலன்ஸை அழையுங்கள்.

சிறுகுடல், ஏறத்தாழ 6 மீற்றர், ஓசையில்லாமல் சத்தை உறிஞ்சும். வெங்காயத்திலும் லீக்ஸிலும் உள்ள ஃபுரக்டான் என்ற மாச்சத்து வகையை உடைக்க நம்மிடம் நொதியம் இல்லை. அது பெருங்குடலுக்குப் போக, பற்றீரியாக்களுக்கு விருந்து, நமக்கு வாயு.

காலையில் பிளேன்டீயும் பாணும் இரைப்பையை விரித்ததும் பெருங்குடல் விழித்துக்கொள்ளும். உடனே 101 பஸ்ஸுக்கு ஓடாமல் அரை மணித்தியாலம் வீட்டில் இருங்கள். மிளகாயின் கப்சைசின் முழுவதும் உறிஞ்சப்படுவதில்லை. நாக்கில் அதை உணரும் அதே வாங்கிகள் கடைசி வாசலிலும் உண்டு. இரவு எரிந்தது காலையிலும் எரிவது அதனால்தான்.