கயிறு கட்டாமல் ஏறமாட்டேன்

சிங்கப்பூரில் கட்டுமானத் தளத்தில் பாதுகாப்பு ஒருங்கிணைப்பாளராக இருப்பவன் அகிம்சையைப் பற்றிப் பேசினால் சிரிப்பார்கள். வேலை தொடங்குமுன் பாதுகாப்பைப் பற்றிப் பேசும் காலை டூல்பாக்ஸ் மீட்டிங்கில் தொண்டை கிழியக் கத்துவதுதானே எங்கள் பிழைப்பு!

காந்தி என்றதும் உப்பு, கதர், ராட்டை என்று போய்விடுகிறோம். எனக்கு நினைவுக்கு வருவது 1913இல் தென்னாப்பிரிக்காவின் நேட்டாலில் அவருடைய சத்தியாகிரகத்தில் சேர்ந்து வேலையை நிறுத்திய ஒப்பந்தக் கூலிகள். நிலக்கரிச் சுரங்கத்திலும் கரும்புத் தோட்டத்திலும் உழைத்த அவர்களில் தமிழர் நிறையப் பேர். ஒப்பந்தம் முடிந்தும் அங்கேயே தங்கினால் ஆண்டுக்கு 3 பவுன் வரி கட்ட வேண்டும். சிறைக்கும் அடிக்கும் அசராமல் நின்றார்கள். 1914இல் அந்த வரி ஒழிந்தது. ஏஜெண்ட் கடனோடு சிங்கப்பூர் வந்து தொழிலாளர் விடுதியான டோர்மில் படுத்திருப்பவருக்கு இந்தக் கதையை விளக்க வேண்டியதில்லை. (வெளிநாட்டுத் தொழிலாளருக்காக அரசுக்குச் செலுத்தும் லெவியைக் கட்டுவது முதலாளி. ஆனால் அதைச் சொல்லிக் காட்டித்தான் வேலை வாங்குவார்கள்.)

மழை விட்டிருந்த ஒரு பிற்பகல். மேலே லைஃப்லைன், அதாவது பாதுகாப்புக் கயிறு, இல்லை. "பத்து நிமிஷ வேலைடா, ஏறு" என்றார் சூப்பர்வைசர், அவரும் தமிழர்தான். மன்னார்குடிப் பக்கத்துத் தம்பி ஹார்னஸோடு (உடலில் கட்டும் பாதுகாப்புப் பட்டை) நின்றபடி, "லைஃப்லைன் போடுங்கண்ணே, உடனே ஏறுறேன்" என்றார். வசவு வந்தது, அம்மாவையும் இழுத்து. தம்பி குரலை உயர்த்தவில்லை, நகரவுமில்லை. அதையே திரும்பச் சொன்னார்; "அண்ணே"யை மட்டும் ஒருமுறைகூட விடவில்லை. ஆத்திரப்பட்டு ஒரு வார்த்தை விட்டிருந்தால் பேச்சு லைஃப்லைனை விட்டு மரியாதைக்குத் தாவியிருக்கும். சூப்பர்வைசருக்கும் அதுதான் வசதி.

வேலையை நிறுத்தச் சொன்னேன். 3 மீட்டருக்கு மேல் விழக்கூடிய இடமென்றால் அனுமதிச் சீட்டு இல்லாமல் வேலை நடக்கக் கூடாது என்பது இங்கே சட்டம். ஆனால் சட்டத்தைச் சொல்லி மறுப்பவனுக்கு, வொர்க் பெர்மிட்டை ரத்து செய்து ஊருக்கு அனுப்பிவிடுவார்களோ என்ற பயம் இருக்கிறது. பல்லைக் கடித்துக்கொண்டு ஏறிவிடுவதைப் பொறுமை என்கிறோம். எனக்கு அதில் அகிம்சை எதுவும் தெரியவில்லை. தம்பி செய்ததில் தெரிந்தது. என்றாலும் நேட்டாலில் ஆயிரக்கணக்கானோர் சேர்ந்து நின்றார்கள், இவர் தனியாள். கடன்பட்டு வந்தவனிடம் போய் "நீயும் இப்படி நில்" என்று உபதேசிக்க எனக்கு வாய் வரவில்லை.

அதனால் மேலாளரிடம் பேசி ஓர் ஏற்பாடு செய்தோம். யார் ஏற மறுத்தாலும் அறிக்கையில் அவர் பெயர் வராது. வேலையை நிறுத்தியவர் என்று என் பெயர்தான் போகும். சூப்பர்வைசருக்கு இதில் இன்னும் மனத்தாங்கல்தான்.