ராகுவும் வல்கனும்

பத்திரப் பதிவுக்குப் போனாலும் ராகு காலம் பார்க்காமல் கிளம்பாத ஊர் எங்க புதுச்சேரி. ஆனா ராகு என்று வானத்தில் ஒரு கோளே கிடையாது. நிலாவின் பாதை சூரியன் போகும் பாதைக்கு 5 டிகிரி சாய்வு. இரண்டும் வெட்டும் இரு புள்ளிகள்தான் ராகுவும் கேதுவும். சூரியனும் நிலாவும் அந்தப் புள்ளிகளை ஒட்டி வந்தால்தான் கிரகணம். புள்ளிகளும் சும்மா நிற்காது, பின்னோக்கி நகர்ந்து 18.6 வருஷத்தில் ஒரு சுற்று முடிக்கும். பாம்புக் கதை கட்டினவர்களுக்குக் கணக்கும் சுத்தமாகத் தெரிந்திருக்கிறது!

1825ல் நம்ம ஊர்ப் பஞ்சாங்கக்காரர் ஒருவர், தரையில் கிளிஞ்சல்களை வைத்தே, வாய்பாட்டை மனசிலிருந்து சொல்லி, சந்திர கிரகணத்தைக் கணித்ததை, பிரிட்டிஷ் ராணுவ அதிகாரி ஜான் வாரன் பதிவு செய்திருக்கிறார். எனக்கு இப்பவும் பொறாமை.

பிரெஞ்சுக்காரர்களிடமும் ஒரு இல்லாத கோள் இருந்தது. நெப்டியூன் இருக்கும் இடத்தை 1846ல் கணக்குப் போட்டே சொன்ன வானியலாளர் லெ வெரியே, புதனின் பாதை கொஞ்சம் பிசகுவதைப் பார்த்து, சூரியனுக்குப் பக்கத்தில் இன்னொரு கோள் இருக்கணும் என்றார். கிராமத்து டாக்டர் ஒருவர் "நான் பார்த்தேன்" என்று கடிதம் போட, வல்கன் என்று பேரும் வைத்தாச்சு. கிரகணத்துக்குக் கிரகணம் தேடினார்கள். 1915ல் ஐன்ஸ்டைனின் ஈர்ப்புக் கொள்கை அந்தப் பிசகை விளக்கியதும் வல்கன் காலி.

ராகுவுக்குத் திருநாகேசுவரத்தில் இன்னமும் பாலாபிஷேகம் நடக்குது. வல்கனுக்கு ஒரு அகல் விளக்குகூட இல்லை, பாவம்.