இடுப்பெலும்பு ஸ்பாட்டர்: முதலில் சுவர், பிறகு பெயர்

உடற்கூறியல் முடிவுகள் சென்ற வாரம் வெளியாயின, தேறிவிட்டேன். கோலாலம்பூரில் அடுத்த பருவம் ஸ்பாட்டருக்கு, அதாவது மேசைமேல் வைத்த எலும்பில் அம்புக்குறி காட்டும் பகுதியை மணி அடிப்பதற்குள் அடையாளம் சொல்லும் தேர்வுக்கு, உட்காரப்போகும் தம்பி தங்கைகளுக்கு நான் வற்புறுத்திச் சொல்வது ஒன்றுதான்: எலும்பைக் கையில் எடுத்ததும் பெயர்களைத் தேடாமல், முதலில் அதைச் சரியான நிலையில் பிடியுங்கள்.

இலியாக் கிரெஸ்ட் (இடுப்பெலும்பின் மேல் விளிம்பு) மேலே இருக்க, ஏஎஸ்ஐஎஸ்ஸும் (அந்த விளிம்பின் முன்முனை) பியூபிக் டியூபர்கிளும் (கீழே முன்பக்கம் உள்ள சிறு மேடு) ஒரே நேரத்தில் எதிரே உள்ள சுவரைத் தொட்டால், நிமிர்ந்து நிற்பவரின் உடலில் எலும்பு இருக்கும் நிலை அதுவே. அப்போது அசிடாபுலம் (தொடையெலும்பின் தலை பொருந்தும் குழி) வலப்புறம் பார்த்தால் வலது எலும்பு, இடப்புறம் பார்த்தால் இடது. தட்டையான விரிவுரைப் படங்களை மட்டுமே மனப்பாடம் செய்தவர்களுக்கு, மேசையில் கவிழ்ந்து கிடக்கும் எலும்பின் முன்பக்கம் எதுவென்று விளங்குவதற்குள் மணி அடித்துவிடும். இதை வகுப்பில் யாரும் செய்து காட்டவில்லையே என்ற வருத்தம் எனக்கு இன்னும் தீரவில்லை. பிரிக்ஃபீல்ட்ஸில் நான் வாடகைக்கு இருந்த அறைச் சுவரில், பிளாஸ்டிக் எலும்பு உரசிய கீறல்கள் இரண்டு மட்டங்களில் இன்றும் இருக்கின்றன.

நிலை பிடிபட்ட பிறகு, அதிக நேரத்தை இஸ்கியல் ஸ்பைனுக்குக் கொடுங்கள். எலும்பின் பின்விளிம்பில் உள்ள பெரிய சயாட்டிக் நாட்ச் என்ற வெட்டுக்கும் சிறியதற்கும் நடுவே துருத்தி நிற்கும் இந்த முள்ளில் சேக்ரோஸ்பைனஸ் லிகமென்ட் (எலும்புகளை இணைக்கும் நார்) பற்றியிருக்கிறது. பெரிய சயாட்டிக் துளை (அந்த வெட்டை லிகமென்ட்கள் மூடுவதால் உண்டாவது) வழியே வெளியேறும், பிறப்புறுப்புப் பகுதிக்கு உணர்வு தரும் பியூடென்டல் நரம்பு இதையொட்டிப் பின்புறமாகச் சுற்றி, சிறிய துளை வழியே மீண்டும் உள்ளே நுழைகிறது. பிரசவத்தின்போது அந்த நரம்பை மரக்கச் செய்ய மருத்துவர் விரலால் தேடுவதும், குழந்தையின் தலை எவ்வளவு இறங்கியிருக்கிறது என்று கணக்கிடும்போது பூஜ்யமாகக் கொள்வதும் இதே மட்டத்தைத்தான். ஓர் அம்புக்குறியை ஒட்டி இத்தனை துணைக்கேள்விகள் கேட்க வசதியான இடம் வேறில்லை. எங்களுக்கும் அதுதான் வந்தது.

மற்றவற்றைச் சுருக்கமாகச் சொல்கிறேன். ஏஎஸ்ஐஎஸ் என்றால் சார்டோரியஸ் தசையும் இங்குவினல் லிகமென்டும், ஏஐஐஎஸ் (அதற்குக் கீழே உள்ள முள்) என்றால் ரெக்டஸ் ஃபெமோரிஸ் தசையும், இஸ்கியல் டியூபராசிட்டி (உட்காரும்போது உடலைத் தாங்கும் மேடு) என்றால் தொடையின் பின்பக்க ஹாம்ஸ்ட்ரிங் தசைகளும் உடனே நினைவுக்கு வர வேண்டும். இலியாக் கிரெஸ்டின் உச்சி நான்காம் லம்பார் (கீழ்முதுகு) முள்ளெலும்பின் மட்டம்; பிஎஸ்ஐஎஸ் (அந்தக் கிரெஸ்டின் பின்முனை) அதற்குக் கீழே இரண்டாம் சேக்ரல் முள்ளெலும்பின் மட்டம். இவற்றை உங்கள் உடலிலேயே தடவிப் பழகலாம், எல்ஆர்டி ரயிலில் மட்டும் வேண்டாம். சயாட்டிக் நாட்ச் அகன்றிருந்தால் பெரும்பாலும் பெண் என்று எழுதிவிட்டு நகருங்கள்.

பிளாஸ்டிக்கில் எடுப்பாகத் தெரியும் பியூபிக் டியூபர்கிள், பழைய எலும்பில் தேய்ந்திருக்கும். பியூபிக் கிரெஸ்டின் (இரு இடுப்பெலும்புகளும் முன்னால் சந்திக்கும் இடத்தருகே உள்ள விளிம்பு) மேல் விரலை வெளிப்பக்கமாக நகர்த்தினால் மேடு தட்டுப்படும். கூட்டமாக அமர்ந்து ஒப்பிப்பதில் எனக்கு நம்பிக்கை இல்லை. எலும்போடு தனியாக இருங்கள். தேர்வில் தொட அனுமதி உண்டா என்பதை மட்டும் முன்கூட்டியே கேட்டுக்கொள்ளுங்கள். இல்லையென்றால் மனத்துக்குள்ளேயே அதைச் சுவரில் பொருத்திப் பார்க்க வேண்டியிருக்கும்.